கருப்புப் பெட்டியில் அவன் குரல்

விமானம் விழுந்து யாரும் பிழைக்கவில்லை. சில வாரம் கழித்து, விசாரணை அலுவலகத்திலிருந்து துணை விமானியின் மனைவிக்கு அழைப்பு வந்தது. கருப்புப் பெட்டியில் பதிவான இரண்டு விமானிகளின் குரலும் தீயில் கெட்டு, ஒன்றுபோலவே கேட்கிறதாம். எது யாருடையது என்று வீட்டு ஆள்தான் சொல்ல வேண்டுமாம். தைத்துக்கொண்டிருந்ததை மெஷினிலேயே விட்டுவிட்டு மாமனாரோடு கிளம்பினாள்.

அவள் புருஷன் வானத்தில் எப்படியோ, வீட்டில் ஒரு ஆணி அடிக்கத் துப்பில்லாதவன். குக்கர் வெடித்துச் சுவரெல்லாம் பருப்பு அப்பியபோதும், குழாய் பிடுங்கிக்கொண்டு வீடு குளமானபோதும், இடுப்பில் கைவைத்து நின்று ஒரே பாட்டைத்தான் பாடினான்: "ஒண்ணுமில்ல, பாத்துக்கலாம்." அப்படிச் சொல்லிவிட்டான் என்றால் ஐயாவுக்கு வழி தெரியவில்லை என்று அர்த்தம். உடனே அவள் ஓடிப்போய் யாரையாவது கூட்டிவருவாள்.

அதிகாரி ஹெட்போனை மாட்டிவிட்டார். ஒரே இரைச்சல், விடாத மணிச்சத்தம், ஒருவரின் அலறல். நடுவே இன்னொருவன் நிதானமாகச் சொன்னான்: "ஒண்ணுமில்ல சார், பாத்துக்கலாம்."

"இவர்தான்," என்றாள்.

"கடைசி வரைக்கும் தைரியமா இருந்திருக்காரும்மா," என்றார் அதிகாரி. அவள் தலையாட்டி வைத்தாள். வேறென்ன செய்வாள்?

வெளியே பெஞ்சிலிருந்து மாமனார் எழுந்தார். "எம்புள்ள என்னம்மா சொன்னான்?"

பொய் சொல்ல வாய் வரவில்லை. "ஒண்ணுமில்ல, பாத்துக்கலாம்னாரு மாமா."

எழுந்தவர் அப்படியே உட்கார்ந்துவிட்டார்.

"ஐயோ... அப்ப நீ பக்கத்துல இல்லையேம்மா."