சேர்வர் எழும்பாத கிழமை

என் கணவரின் முப்பத்தோராம் நாள் அந்தியேட்டிக் கிரியை முடிந்த மறுநாள் காலை மச்சாள் வெளிநாட்டிலிருந்து தொலைபேசி எடுத்தார். கணவரின் மூத்த அக்கா. விசா சரிவராததால் செத்தவீட்டுக்கு வர முடியவில்லை.

"படங்களை ஏன் இன்னும் போடேல்லை? நான் தம்பியைப் பாக்கவேணும்."

"போடுறன் மச்சாள்."

எங்கள் வீடு புங்குடுதீவில், இறுப்பிட்டியில். ஊரில் நடக்கும் கலியாணம், செத்தவீடு, திருவிழா எல்லாவற்றையும் என் கணவர் படமெடுத்து, வெளிநாட்டிலிருக்கும் ஊர்க்காரர் பார்க்கும்படி ஒரு இணையத்தளத்தில் போட்டுவந்தார். அது எந்தக் கம்பனியின் கணினியிலும் இல்லை. எங்கள் முன்னறையில் ஒரு பழைய கணினியில் ஓடியது. அதைச் சேர்வர் என்போம்.

"வேறை இடத்திலை போட்டால் சவத்துக்குப் பக்கத்திலை சவுக்கார விளம்பரம் வரும். எங்கடை சனத்தின்ரை படம் எங்கடை வீட்டிலை கிடக்கட்டும்" என்பார். பெயர்களையும் உறவுமுறைகளையும் தட்டச்சு செய்வது நான்.

அவருடைய செத்தவீட்டைப் பக்கத்து வீட்டுக்காரர் என் கணவரின் கமராவாலேயே எடுத்திருந்தார். நான் அந்தப் படங்களைப் பார்க்கவில்லை.

சேர்வரை இயக்கினேன். கணினி எழும்பியது, தளம் எழும்பவில்லை. ஒரு லைப்ரரிக் கோப்பைக் காணவில்லை என்று திரையில் ஒரு வரி கிடந்தது. அதைப் பார்த்துக்கொண்டே தேத்தண்ணீர் குடித்தேன். பதற்றம் வரவில்லை. ஒரு மாதமாக எதுவுமே வரவில்லை. சவம் எடுத்த நேரத்தில்கூட, குசினியில் உப்பு முடிந்துபோனதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன்.

அவருடைய நண்பர் ஒருவர் புளியங்கூடலில் இருக்கிறார். கணினி படிப்பிக்கிறவர். அவருக்கு எடுத்தேன்.

"அண்ணை அப்டேட் செய்யாமல்தான் வச்சிருந்தவர். நீங்கள் ஏதும் அமத்தினீங்களோ அக்கா?"

"ஓம். செத்தவீட்டுக் கிழமை, செய்யட்டோ எண்டு திரையிலை கேட்டது. ஓம் எண்டு அமத்தினனான்."

அந்தக் கிழமை யார் எதைக் கேட்டாலும் ஓம் என்றுதான் சொன்னேன்.

அவர் விளங்கப்படுத்தினார். "ஒரு புரோகிராம் எல்லா வேலையையும் தானே செய்யாது அக்கா. ஆரோ எழுதிவச்ச சின்னக் கோப்புகளைக் கூப்பிட்டுத்தான் செய்விக்கும். அதுகள்தான் லைப்ரரி. இப்ப பழசு போய்ப் புதுசு வந்திட்டுது. அண்ணையின்ரை புரோகிராமுக்குப் புதுசைத் தெரியாது. பழையது கிடைச்சால் எழும்பும்."

"கிடைக்காட்டி?"

"முழுக்கத் திருப்பி எழுதவேணும். எனக்கு ஏலாது. அண்ணைக்குத்தான் ஏலும்."



மூன்று நாள் தேடினேன். அலுமாரியில் அவருடைய சேட்டுகளுக்குக் கீழே ஒரு டிஸ்க் இருந்தது. அதற்குள் 'எறியாதே' என்று ஒரு கோப்புறை. என் அடையாள அட்டையின் பிரதி, கிணற்று மோட்டரின் பற்றுச்சீட்டு, அவற்றோடு அந்த லைப்ரரிக் கோப்பும். பெயரை எழுத்தெழுத்தாக ஒத்துப் பார்த்தேன். நண்பர் தொலைபேசியில் சொல்லச் சொல்ல உரிய இடத்தில் போட்டேன். தளம் எழும்பியது.

படங்களை ஏற்றினேன். கீழே வழமைபோல 'இன்னாரின் அன்புக் கணவர்' என்று வரவேண்டும். என் பெயரை அடித்தேன். எழுத்துப்பிழை இருக்கிறதா என்று பார்த்தேன். இல்லை.

அன்று பின்னேரமே மச்சாள் எடுத்தார்.

"தம்பி இடப்பக்கமெல்லோ வகிடு எடுக்கிறவன். வலப்பக்கம் இழுத்துவிட்டிருக்கினம். நீர் பாக்கேல்லையோ?"

"இல்லை மச்சாள்."

செத்தவீட்டன்று முழுவதும் கணவரின் தலைமாட்டில்தான் இருந்தேன். மச்சாள் அழத் தொடங்கினார். முடியும்வரை தொலைபேசியைக் காதில் வைத்திருந்தேன்.

அடுத்த மாதம் ஊரில் ஒரு கலியாணம். பெண்ணின் தாய் வந்து கதிரையின் நுனியில் இருந்தார்.

"படங்களைத் தளத்திலை போடுவீரோ?"

"ஓம்."

"கமராவைத் தாருமன். எங்கடை ஆக்களே எடுப்பினம். நீர் ஏன் வீணா அலைவான்?"

தாலி கட்டும் இடத்தில் நான் நிற்பதை அவர் விரும்பவில்லை என்று விளங்கியது. கோபம் வரவேண்டிய இடம் என்றும் விளங்கியது. கமராவை எடுத்துக் கொடுத்து, எந்தப் பொத்தானை அமத்த வேண்டும் என்றும் காட்டினேன்.

இரண்டு நாளில் படங்கள் வந்தன. பெண் சிரித்துக்கொண்டிருந்தாள். எல்லாவற்றையும் ஒழுங்காக அடுக்கி, மாப்பிள்ளை பகுதியாரின் பெயர்களைக் கேட்டு அடித்து, மத்தியானத்துக்கு முன்னம் போட்டு முடித்தேன்.