ஆட்டிடம் விசாரித்த துப்பறிவாளர்

கல்லூரியில் கடைசி வருடம் படிக்கும்போது என் மகள் தோழிகளோடு சேர்ந்து ஒரு வீடியோ படம் எடுத்தாள். பழைய கறுப்பு வெள்ளைத் துப்பறியும் படங்களைக் கிண்டல் செய்யும் படம். கேமரா, கல்யாண வீடியோக்காரரிடம் இரவல் வாங்கியது. பனிமூட்டத்துக்குச் சாம்பிராணிப் புகை. முகத்தில் கோடு கோடாக நிழல் விழ, தறியில் ஏற்றிய பாவு நூல்களுக்குப் பின்னால் ஒரு விளக்கு. ஒரு தோழியின் வீட்டுக் கூடத்தில் பெற்றோர்களை உட்காரவைத்துப் போட்டுக் காட்டினார்கள்.

துப்பறிவாளராக நடித்த பெண், சித்திரை வெயிலில் மழைக்கோட்டும் தொப்பியுமாக, நெசவாளர்கள் வாழும் பிள்ளையார்பாளையத்துச் சந்துகளில் அலைந்தாள். ஒரு துப்பட்டாவை முகர்ந்துவிட்டு, "ரத்தம்" என்றாள்.

"பட்டுக்குப் போடுற சாயம் சார் அது," என்றார் சாயப்பட்டறைக்காரர். அவர் அவராகவே நடித்திருந்தார். "ரத்தம்னா தொவச்சா பூடும். இது பூடாது."

கூடமே சிரித்தது. நானும் கண்ணில் நீர் வரச் சிரித்தேன்.

அடுத்து துப்பறிவாளர் தொண்டையைச் செருமிக்கொண்டு, கட்டியிருந்த ஓர் ஆட்டிடம் போய்க் கேட்டார்: "தப்பா நெனைக்காதீங்க. எம் பொண்ணு இந்தப் பக்கம் வந்துச்சா?"

என் மனைவி சிரிப்பை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தாள். அது என் செருமல். வார்த்தைகளும் என்னுடையவை.

சில வாரங்களுக்கு முன், ஸ்பெஷல் கிளாஸ் என்று சொல்லிவிட்டுப் போன மகள் துப்பட்டாவில் சிவப்புக் கறையோடு வந்தாள். பட்டுச் சாயம் என்று பார்த்ததுமே தெரிந்தது. பஸ்ஸில் பக்கத்தில் யார் உட்கார்ந்தார்கள் என்பதுவரை என்னிடம் சொல்கிற பெண், இதை மட்டும் சொல்லவில்லை. யாரோ ஒரு பையன் என்று முடிவுகட்டினேன். அவளிடம் ஒரு வார்த்தை கேட்காமல், பட்டறை பட்டறையாக ஏறி இறங்கி விசாரித்தேன். பரீட்சை நேரத்தில் படமா என்று கத்துவேன் எனப் பயந்து, பொய் சொல்லிவிட்டுக் கொலைக் காட்சிக்கு ரத்தம் தேடிப் போயிருக்கிறாள். நான் வந்து விசாரித்ததைப் பட்டறைக்காரர் அவளிடமே சொல்லிவிட்டார்.

"வசனம் உங்க பொண்ணுதானாமே சார். எங்கேருந்துதான் புடிக்குதோ," என்றார் ஒரு தோழியின் அப்பா. தலையாட்டினேன்.

மனைவி ஆட்டோவில் வர, மகளை ஸ்கூட்டரில் ஏற்றிக்கொண்டு செவிலிமேட்டிலுள்ள வீட்டுக்கு வந்தேன். வாசலில் இறங்கியதும் சொன்னாள்: "என்னையே கேட்டிருக்கலாம்பா."

"கேட்டிருந்தா சொல்லியிருப்பியா?"

கேட்டைத் திறந்தாள்.

"அப்போ சொல்லியிருப்பேன். இப்போ தெரியலப்பா."