தேங்காய் என்ன விலை, எலுமிச்சை என்ன விலை?

கணக்கு டீச்சர் வேலையில் பெரிய சங்கடமே விடை நமக்கு முன்கூட்டித் தெரிந்திருப்பதுதான். தெரியாதவர் முகத்தைப் பார்த்தபடி முக்கால் மணி நேரம் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும். பள்ளிக்கூடத்தில் x, y என்று அல்லாடிய நீங்களும் என் கட்சிதான் என்ற தைரியத்தில் எழுதுகிறேன்.

எழுபதுகளின் நடுவில், பாலக்காட்டுப் பக்கத்துச் சித்தூர் கல்லூரியில் பி.எஸ்ஸி. முடித்த கையோடு அங்கேயே ஒரு டுட்டோரியலில் சேர்ந்தேன். எஸ்.எஸ்.எல்.சி. தவறியவர்களுக்கான தமிழ் பேட்ச், ஏழு பேர். போன பரீட்சையில் ஒருவர்கூடக் கணக்கில் தேறவில்லை. "செப்டம்பரிலும் இப்படின்னா பேட்சை மூடிருவேன், டீச்சரே. நீங்களும் வீட்டில் இருக்கலாம்" என்று சேர்ந்த அன்றே பிரின்சிபால் சொல்லிவிட்டார். நான் வீட்டில் இருந்தால் மறுநாளே அம்மா ஜாதகத்தை வெளியே எடுத்துவிடுவாள்.

பலகையைப் பார்த்து

ஏழில் ஐந்து பேர் என்னைவிட மூத்தவர்கள். மீசைக்காரர்கள். நான் நுழைந்ததும் மரியாதையாக எழுந்து நின்றார்கள். நான் சாக்பீஸை எடுத்துக்கொண்டு பலகையைப் பார்த்து நின்றுகொண்டேன். இரண்டு தெரியாத விலைகளை இரண்டு சமன்பாடாக எழுதி, ஒன்றை நீக்கி, மற்றதைக் கண்டுபிடித்து, ஒரு பிசகும் இல்லாமல் முடித்தேன். முடிக்கும்வரை திரும்பவே இல்லை. கடைசி பெஞ்சிலிருந்து காளியப்பன் எழுந்தார். மாட்டுத் தரகர், மிருகாஸ்பத்திரி வேலைக்குப் பத்தாவது கேட்கிறார்கள் என்று வந்து சேர்ந்தவர்.

"ஏனுங்க டீச்சர், பலகைக்கு நல்லாப் புரிஞ்சிருக்குமுங்க. இனி எங்களுக்கும் ஒருக்காச் சொல்லிப் போடுங்க."

அடித்துத் திருத்திய விடை

ஐந்து தேங்காயும் நான்கு எலுமிச்சையும் பதினான்கு ரூபாய். மூன்று தேங்காயும் நான்கு எலுமிச்சையும் பத்து ரூபாய். தனித்தனி விலை என்ன? புத்தகத்துக் கணக்கு.

மருதாசலத்துக்குத் தென்னந்தோப்பு உண்டு. அவர் நோட்டை வாங்கிப் பார்த்தேன். வழி அத்தனையும் சரி. தேங்காய் இரண்டு ரூபாய், எலுமிச்சை ஒரு ரூபாய் என்று விடையும் வந்திருந்தது. அதை அழுத்தமாக அடித்துவிட்டு, கீழே 'தேங்காய் எண்பது பைசா, எலுமிச்சை ஐந்து பைசா' என்று எழுதியிருந்தார். ஏன் என்று நோட்டைப் பார்த்தே கேட்டேன்.

"தேங்கா ரெண்டு ரூவாய்க்குப் போனா, நான் எதுக்குங்க டீச்சர் பத்தாவது எழுதறேன்?"

துண்டுக்கு அடியில்

சரி என்று, சந்தை விலையை விசாரித்து நானே கணக்குகள் எழுதினேன். அது இன்னும் மோசம். கேள்வியை முடிப்பதற்குள் ஏழு பேரும் வாயாலேயே விலை சொன்னார்கள். சமன்பாடு எழுதினால்தான் மார்க் என்றால், தெரிந்த விலையை எதற்குக் கண்டுபிடிக்க வேண்டும் என்றார்கள். பரீட்சைக்கு இரண்டு மாதம். இவர்கள் யாருக்கும் விலை தெரியாத பொருள் ஒன்றாவது இருக்கிறதா என்று வாய்விட்டே கேட்டுவிட்டேன்.

"மாடு" என்றார் மருதாசலம். "துண்டப் போட்டு மூடிக்கிட்டு வெரலப் புடிச்சுத்தான் வெல பேசுவாங்க. சுத்தி நிக்கறவனுக்கு ஒண்ணும் தெரியாதுங்க."

காளியப்பன் சிரித்துக்கொண்டே கணக்குக் கொடுத்தார். எருதுகள் எல்லாம் ஒரே விலை, பசுக்களும் ஒரே விலை. முந்தின நாள் ஒருவர் இரண்டு எருதும் ஒரு பசுவும் வாங்கி 2300 ரூபாய் எண்ணிக் கொடுத்தார். இன்னொருவர் ஒரு எருதும் இரண்டு பசுவும் வாங்கி 1900 கொடுத்தார். அன்றுதான் முதல்முறையாக யாரும் வாயைத் திறக்கவில்லை. பென்சில் ஓடும் சத்தம் மட்டும் கேட்டது. எருது தொள்ளாயிரம், பசு ஐந்நூறு என்று ஆறு பேரும் ஒன்றுபோல் சொன்னார்கள். நான் பலகையில் எழுதினேன். காளியப்பன் முகத்தில் சிரிப்பு போய்விட்டது. எழுந்து வந்து டஸ்டரை எடுத்தார்.

"இத அழிச்சுப் போடுங்க டீச்சர். சந்தையில தெரிஞ்சா எங்க பொழப்பே போச்சுங்க."

பரீட்சை வாசலில்

கணக்குப் பரீட்சை அன்று பள்ளிக்கூடத்துக்கு எதிரே, பஸ்ஸுக்கு நிற்பவள் போல நின்றேன். மூன்று பஸ் போய்விட்டது. முதலில் வெளியே வந்தவர் மருதாசலம். கோப்பையும் தட்டும் என்ன விலை என்று ஒரு கணக்கு வந்ததாம். விலை சரியாக வந்ததா என்று கேட்டேன்.

"அநியாய வெலைங்க. வாங்குனது நானில்லையே, வந்தத அப்படியே எழுதிப் போட்டேன்."

மார்க் லிஸ்ட்

பிரின்சிபால் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு ஒவ்வொன்றாகப் புரட்டினார். நான் அவர் விரலையே பார்த்துக்கொண்டிருந்தேன். கணக்கில் ஏழு பேரில் ஐந்து பேர் பாஸ். காளியப்பனுக்கு எழுபத்தொன்று, மருதாசலத்துக்கு அறுபத்து நான்கு. மலையாள பேட்சில்கூட எழுபதைத் தாண்டியவர் இல்லை. அடுத்த வாரம் தமிழ் பேட்சில் சேரப் பதினெட்டுப் பேர் வந்து நின்றார்கள். பேட்சை மூடுவதாகச் சொன்னீர்களே என்று, வாழ்க்கையில் முதல்முறையாக, ஒருவர் முகத்தைப் பார்த்துக் கேட்டேன்.

"மூடறதா? எப்பச் சொன்னேன்? பெஞ்சு போதாதுன்னல்லவா சொன்னேன், டீச்சரே!"

தெரியாத இரண்டு விலைகளைக் கண்டுபிடிக்க இரண்டு சமன்பாடு போதும். ஒரு கணக்கு டீச்சரின் மதிப்பைக் கண்டுபிடிக்க மட்டும் ஏழு பேர் பரீட்சை எழுத வேண்டியிருக்கிறது.