இலுப்பைக்கடவைக்குச் சொன்ன பொய்

மனைவி இறந்த பிறகு என்னால் வீட்டில் இருக்க முடியவில்லை. விடிந்ததும் எங்கள் ஊரான கீரியிலிருந்து ஓட்டோவை எடுத்துவிடுவேன். ஆள் கிடைக்காவிட்டாலும் தீவிலிருந்து வெளியே போகும் பாலத்தைத் தாண்டிப் போய்த் திரும்புவேன்.

ஒரு நாள் ஆஸ்பத்திரி வாசலில் வயதான பெண் ஒருவர் ஏறினார். கிளினிக் முடியத் தாமதமாகி, இலுப்பைக்கடவைக்குப் போகும் பஸ்ஸைத் தவறவிட்டிருந்தார். வழியில் என் மனைவியைப் பற்றி விசாரித்தார். வீட்டில் சுகமில்லாமல் படுத்திருக்கிறாள் என்றேன். ஏன் அப்படிச் சொன்னேன் என்று எனக்கே தெரியாது. அவளைச் சேமக்காலையில் அடக்கம் செய்து ஐந்து மாதம் ஆகியிருந்தது.

இறங்கும்போது என் நம்பரை வாங்கிக்கொண்டார். அடுத்த கிழமையே அழைத்து, மனைவிக்கு எப்படி இருக்கிறது என்று கேட்டார். அவளுக்காகப் பிள்ளையாருக்கு நேர்த்தி வைத்திருப்பதாகவும் சொன்னார். கொஞ்சம் பரவாயில்லை என்றேன். பிறகு கிழமைக்கொருமுறை அழைப்பார். நானும் போனில் அவளை எழுப்பி உட்காரவைத்தேன், கஞ்சி குடிக்கவைத்தேன். அந்த அழைப்புக்காகக் காத்திருக்கவும் தொடங்கினேன்.

“இப்ப முற்றம் வரைக்கும் நடக்கிறா அக்கா” என்று ஒரு நாள் சொல்லிக்கொண்டிருந்தபோது மகள் குசினி வாசலில் நின்றாள். போனை வைத்ததும் யாரோடு கதைத்தேன் என்று கேட்டாள். முழுவதையும் சொன்னேன். அவள் அழவில்லை.

“அவவிட்ட உண்மையைச் சொல்லுங்கோ அப்பா. இல்லாட்டி அம்மா இன்னொருக்காச் சாக வேண்டிவரும்.”

அன்று பகல் முழுவதும் ஓட்டோவில் அலைந்தேன். பின்னேரம் வீதியோரத்தில் நிறுத்தி அழைத்தேன். அவள் இறந்து மாதங்கள் ஆகிவிட்டன என்றேன். அவர் போனை வைத்துவிட்டார்.

மூன்று கிழமையாக அழைப்பு வரவில்லை. அவருடைய கிளினிக் நாள் எனக்குத் தெரியும். அன்று ஆஸ்பத்திரி வாசலில் போய் நின்றேன். என்னைக் கண்டதும் வந்து ஏறினார். பாலம் கடந்து வெகுதூரம் போன பிறகுதான் வாய் திறந்தார்.

“என்ன வருத்தம் வந்தது தம்பி அவவுக்கு?”

அதுவரை யாருக்கும் நான் அவள் நோயைப் பற்றித் தொடக்கத்திலிருந்து சொன்னதில்லை. முதல் இருமலிலிருந்து சொன்னேன். நடுவில் ஓட்டோவை ஓரமாக நிறுத்தச் சொல்லி, தன் போத்தல் தண்ணீரை நீட்டினார். ஒரு மரத்தடியில் அரை மணித்தியாலம் நின்றோம். அவள் கடைசியாக என்ன சாப்பிட ஆசைப்பட்டாள் என்றுகூடக் கேட்டார்.

வீட்டுக்கு வந்து, மகளிடம் மறைத்திருந்த ஆஸ்பத்திரி நாட்களையும் சொன்னேன். அவளிடமும் எனக்குத் தெரியாதவை இருந்தன. என்னைப் பற்றி அம்மா தன்னிடம் ஒன்று சொன்னதாகவும், அதைச் சொல்லத் தனக்கு இன்னும் கொஞ்சக் காலம் வேண்டும் என்றும் சொன்னாள்.