ஓமலூருக்குப் போன ரொட்டி

எனக்கு அப்போது எட்டு வயது. வாய்க்கு மட்டும் எண்பது. அந்த வாயால் எங்கள் வீட்டுக்கு வந்த வினை ஒன்றிரண்டல்ல. ரொட்டி விஷயத்தில் வந்ததை மட்டும் இங்கே சொல்கிறேன்.

பரமத்தி வேலூருக்குப் பக்கத்தில் எங்கள் தோட்டம். அம்மாவின் தம்பி, அதாவது என் மாமா, பட்டாளத்துக்குப் போய், பாலைவனத்துச் சண்டையில் பிடிபட்டு, இத்தாலியில் கைதியாகக் கிடந்துவிட்டு, யுத்தம் முடிந்ததும் எங்கள் வீட்டுக்கே வந்து சேர்ந்தார். கைதி முகாமிலிருந்து தப்பி, ஒரு பனிக்காலம் முழுவதும் அந்த நாட்டுக் குடியானவர் ஒருவரின் மாட்டுக்கொட்டகையில் ஒளிந்திருந்தாராம். கூட ஒளிந்திருந்தவர் ஓமலூர்க்காரர், மாமாவின் சிநேகிதர். அங்கிருந்து வெளியேறும் வழியில் குண்டடிபட்டு அவர் இறந்துபோனார்.

வந்த மறுவாரமே மாமா ஓமலூருக்குப் போய் அந்தச் சிநேகிதரின் தாயைப் பார்த்தார். திரும்பி வந்தவர் சோற்றில் கை வைக்கவில்லை.

"எப்படிச் செத்தான்னு கேக்கலைக்கா. 'என்ற பையன் அங்க என்னத்தைத் தின்னான், வயிறு ரொம்புச்சா'ன்னு கேட்டாங்க. ரொட்டின்னு சொல்லிப்போட்டேன்" என்றார்.

எங்கள் பக்கத்தில் அப்போது ரொட்டி என்றால் ஆஸ்பத்திரியில் காய்ச்சல்காரனுக்குக் கொடுக்கிற வெள்ளைத் துண்டுதான். பாலில் நனைத்தால் கரைந்துபோகும். தெம்பாக இருக்கிற ஆள் யாரும் அதைத் தொடமாட்டார். தன் மகன் பனிக்காலம் முழுக்க நோயாளிபோல் அதைத் தின்று வயிறு காய்ந்து கிடந்தான் என்று அந்த அம்மாள் எண்ணிக்கொண்டுவிட்டார். அது வேறு ரொட்டி என்று மாமா எவ்வளவோ சொல்லியும் தலையை ஆட்டினாரே ஒழிய நம்பவில்லை.

"சொன்னா ஆகாது. சுட்டுக் கொண்டுபோயி கையில குடுக்கோணும்" என்றார் மாமா.

குடியானவர் வீட்டம்மாள் ரொட்டி சுடுவதைக் கொட்டகையிலிருந்து பார்த்ததுதான் மாமா படித்த படிப்பு. அரிசி கிடைக்காமல் ரேஷனில் கோதுமை போட்டுக்கொண்டிருந்த சமயம் அது. ஊரில் பாதிப் பேர் அதைக் கஞ்சி காய்ச்சி முகம் சுளித்தார்கள்; மீதிப் பேர் மாட்டுக்கு வைத்தார்கள். மாமா அதைத் திருகையில் அரைத்துச் சலிக்காமல் அப்படியே எடுத்துக்கொண்டார்.

"தவிட்டோட திங்க நாம என்ன எருமையா?" என்றார் அப்பா.

மாமா ஒரு பிடி மாவைத் தண்ணீரில் கரைத்துச் சட்டியில் மூடி வைத்தார். தினமும் இன்னொரு பிடி மாவும் கொஞ்சம் தண்ணீரும் சேர்த்தார். ஆறாம் நாள் அது புளித்துப் பொங்கியது. ரொட்டியை உப்ப வைப்பது அதுதானாம். நான் சும்மா இருப்பேனா? எங்கள் வீட்டுச் சட்டியில் ஒன்று நுரைக்கிறது, மூடியைத் திறந்தால் மூக்கைத் துளைக்கிறது என்று பள்ளிக்கூடம் முழுக்கப் பெருமையடித்தேன். சேலம் ஜில்லாவில் கள்ளுக்கடைகளையெல்லாம் மூடிவிட்ட காலம். சாயங்காலமே மணியக்காரர் தலையாரியோடு வந்து நின்றார்.

"இது ரொட்டிக்குங்க" என்றார் மாமா.

"ரொட்டிக்கு எதுக்கப்பா சாராய வாசம்? எனக்கே காது குத்தறயா?" என்றார் மணியக்காரர். எல்லாவற்றையும் எருக்குழியில் கொட்டவைத்துவிட்டுத்தான் போனார். நான் கட்டிலுக்கடியில் ஒளிந்துகொண்டேன். மாமா சட்டியைக் கழுவிக் கவிழ்த்துவிட்டுத் திருகைக்கு முன்னால் உட்கார்ந்தார்.

மறுபடி ஒரு வாரம். வீட்டடுப்பில் பானைக்குள் வைத்துச் சுட்டார். வெளியே கரி, உள்ளே களி. அப்புறம்தான் பக்கத்துத் தோட்டத்தில் வெல்லம் காய்ச்சும் அடுப்பு அவர் கண்ணில் பட்டது. கொப்பரையை இறக்கிய பிறகும் அதன் மண்சுவர் ஆற ஒரு பொழுது பிடிக்கும். சாம்பலைத் தள்ளிவிட்டு மாவு உருண்டையை வைத்து, மேலே தகரம் போட்டுச் சேறு பூசினார். ரொட்டி நன்றாகப் புடைத்து வந்தது. ஊரே வேடிக்கை பார்த்தது. மாமா ஒரு விள்ளல் வாயில் போட்டார், முகம் மாறிவிட்டது.

"அக்கா, உப்புப் போட்டயா?"

அந்த ஊரில் ரொட்டிக்கு உப்புச் சேர்க்கமாட்டார்களாம். மாமா பார்க்காத நேரத்தில் அம்மா ஒரு கை அள்ளிப் போட்டிருக்கிறாள்.

"புள்ளையப் பறிகுடுத்தவளுக்கு உப்பில்லாத பண்டத்தையா கொண்டுபோவ, தம்பி?"

"அவன் தின்னது அதுதானுங்கக்கா."

மறுபடி திருகை. உப்புப் போட்ட ரொட்டியை நாங்கள்தான் தின்று தீர்த்தோம். அட, என்ன ருசி! அடுத்த ரொட்டி அடுப்பிலிருந்து வந்தபோது நான் கையை நீட்டிக்கொண்டு நின்றேன். மாமா அதன் அடியில் விரலால் தட்டி வெந்ததா என்று பார்த்து, வேட்டித்துணியில் சுற்றிவிட்டார். முழுசாகத்தான் போகவேண்டுமாம். நான் ஊரைக் கூட்டி அழுததால் என்னையும் கூட்டிப் போனார்.

பெட்ரோலுக்குப் பதில் கரி போட்டு ஓட்டிய பஸ்ஸில் நாமக்கல், சேலம், அங்கிருந்து ஓமலூர். அந்த அம்மாள் இரண்டு கையாலும் ரொட்டியை வாங்கினார். கை சற்றுத் தாழ்ந்தது.

"இத்தனை கனமா, சாமி?"

"ஆமாங்கம்மா. ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு ஒண்ணுங்க."

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. ஒரு ரொட்டியைக் குடியானவர் குடும்பமும் இவர்களுமாக ஒன்பது பேர் இரண்டு நாள் வைத்துத் தின்றதாக அம்மாவிடம் சொன்னவர் இவரேதான். திருத்திவிடலாம் என்று வாயைத் திறந்தேன். மாமா என் கையை நசுக்கிவிட்டார்.

அந்த அம்மாள் ஓரத்தைப் பிய்த்து வாயில் போட்டார். மென்றார், வெகுநேரம் மென்றார். இன்னொரு துண்டு, அப்புறம் இன்னொன்று. தண்ணீர்கூடக் குடிக்கவில்லை. "கெட்டியாத்தான் இருக்குது. இதைத் தின்னா வயிறு ரொம்பும்" என்றார். அதற்குப் பிறகுதான் அழுதார். அழுதுகொண்டே தின்றார். நான் அவர் கையையே பார்த்துக்கொண்டிருந்தேன். என் கண் முன்னால் பாதி ரொட்டி தீர்ந்தது. மீதியை மடியில் வைத்துக் கட்டிக்கொண்டார்.

திரும்பும்போது பஸ்ஸில் எனக்குப் பொறுக்கவில்லை. "வந்த புள்ளைக்கு ஒரு துண்டு குடுக்கோணும்னு அந்தம்மாவுக்குத் தெரியலை பாருங்க மாமா" என்றேன்.

"ஒரு துண்டுகூடக் குடுக்கலையா, சாமி?"

"ஒரு பொடிகூடக் குடுக்கலைங்க."

மாமா சிரித்தார். யுத்தத்திலிருந்து வந்த பிறகு அவர் சிரித்து நான் பார்த்தது அன்றைக்குத்தான். வாரக்கணக்கில் பாடுபட்டுச் சுட்ட ரொட்டியை ஒருத்தியே யாருக்கும் கொடுக்காமல் தின்றுவிட்டதில் சிரிக்க என்ன இருக்கிறது என்று எனக்கு ஆத்திரம் பொத்துக்கொண்டு வந்தது. பரமத்தி வேலூரில் இறங்கும்வரை நான் அவரோடு பேசவில்லை.