மிசாவோவின் ஒரே வசனம்

கியோட்டோவில் எடுத்த படங்களில் நீங்கள் பார்த்து மயங்கிய முதுகுகளையெல்லாம் தேய்த்துவிட்டவள் நான்தான். சரி, கொஞ்சம் அளந்துவிட்டேன். ஒரே முதுகுதான். ஆனால் எத்தனையோ படங்களில் வந்த முதுகு.

மிசாவோ என்று பெயர். ஸ்டுடியோவுக்குப் பின்தெருவில் எங்கள் வெந்நீர்க் குளியல் கூடம். படப்பிடிப்பு முடிந்ததும் வருவாள். நட்சத்திரம் ரான்கோவுக்குக் குளிர் ஆகாது. அதனால் மழையிலும் பனியிலும் ரான்கோவின் கிமோனோவை உடுத்திக்கொண்டு, காமிராவுக்கு முதுகைக் காட்டி நடப்பவள் இவள். பிடரியில் அப்பிய வெள்ளைப்பூச்சு லேசில் போகாது. நான்தான் தேய்ப்பேன்.

"மூஞ்சிக்குப் பூச மாட்டாங்களாடி?"

"வீண் செலவாம்க்கா."

ஊரில் அவளுக்கென்று யாரும் மிச்சமில்லை. தோஃபு கடை மாடியில் ஒற்றை அறை. அங்கே போய் என்ன செய்ய என்று, நாங்கள் கதவு சாத்தும்வரை தொட்டியிலேயே கிடப்பாள்.

ஒருநாள் என் பக்கம் முகத்தைத் திருப்பி உட்கார்ந்தாள். "அக்கா, எனக்கு வசனம் குடுத்திருக்காங்க! தேநீர்க்கடைக்காரி வேஷம். மழையில திரும்பிப் பார்த்து, 'குடை கொண்டு வரலையா?'ன்னு கேக்கணும்."

அதன் பிறகு குளிக்க வருகிறவர்களிடமெல்லாம் அதைக் கேட்டுப் பழகினாள். மீன்காரி ஓகியோ கத்தினாள்: "உரிச்ச கோழி மாதிரி உக்காந்திருக்கேன், எனக்கெதுக்குடி குடை?"

படம் வந்தது. என்னையும் இழுத்துக்கொண்டு போனாள். திரையில் மழை. மிசாவோவின் முதுகு, அந்தப் பிடரி எனக்குத் தெரியாதா? மெல்லத் திரும்பத் தொடங்கியது. என் கையை இறுகப் பிடித்துக்கொண்டாள்.

திரும்பி முடித்த முகம் ரான்கோவுடையது. அந்த வசனத்தைப் பேசியதும் ரான்கோதான். கதாநாயகியே கேட்டால் எடுபடும் என்று பிறகு மாற்றிவிட்டார்களாம். அரங்கமே மூக்கை உறிஞ்சியது.

"முதுகு நல்லா வந்திருக்குல்லக்கா?" என்றாள் மிசாவோ.

அடுத்த மாதமே நடிப்பை விட்டுவிட்டு ஒசாகாவுக்கு ஆலை வேலைக்குக் கிளம்பினாள். வழியனுப்ப டிராம் நிறுத்தத்தில் ஸ்டுடியோவே திரண்டு நின்றது. கொட்டுகிற மழையில், ஒருமுறைகூடத் திரும்பிப் பார்க்காமல் ஏறிப்போனாள்.

இதுவரை எழுதியதை நான் வாசித்துக் காட்டியபோது, பக்கத்தில் அவரைக்காய் உரித்துக்கொண்டிருந்த என் நாத்தனார் கினு தலையைத் தூக்கினாள்.

"ஸ்டுடியோவாவது, திரளுறதாவது! நீங்க கல்லாவுல உக்காந்திருந்தீங்க அண்ணி. வழியனுப்பப் போனவ நான் ஒருத்திதான். டிராம் படியில கால் வெச்சவ திரும்பினா. நான் நனைஞ்சுக்கிட்டு நிக்கிறதைப் பார்த்துட்டு, 'குடை கொண்டு வரலையா?'ன்னு கேட்டா."