யோசேப் பின்னும் முள்முடி

தவக்காலம் வந்தால் யோசேப்புக்கு வலக்கை நடுவிரல் கூசும். அந்த விரலில் ஒரு காயமும் இல்லை. காயம்பட்டது சுஜிந்தனுக்கு.

டென்மார்க்கின் ஹோர்சன்ஸ் நகரத் தமிழ்ச் சனத்தின் பெரிய வெள்ளிச் சிலுவைப்பாதையில் இயேசுவாக நடப்பவன் சுஜிந்தன். கிடங்கில் வேலை செய்யும் யோசேப்தான் பதினாறு வருடமாக முள்முடிக்குப் பொறுப்பு. நான்கு வருடங்களுக்கு முன், இலையில்லாத வேலியொன்றில் அவசரமாக வெட்டினார். முள் என்றால் முள்தானே என்ற நினைப்பு. அவர் வழக்கமாக வெட்டும் வித்யோர்ன் என்கிற வெண்முள் அல்ல அது. ஸ்லோன் என்கிற கருமுள். தலையில் முள்முடியைச் சரிசெய்தபோது முள் நுனி சுஜிந்தனின் வலக்கை நடுவிரல் மூட்டுக்குள் முறிந்தது. சீழ் பிடித்து, இரண்டு முறை கீறியும் விரல் மடங்கவில்லை. கோயிலில் அவன் ஓர்கன் வாசிப்பதும் அதோடு நின்றது.

அடுத்த மூன்று வருடமும் பிளாஸ்டிக் முள்முடி. இந்த வருடம் சுஜிந்தனே வந்து கேட்டான்.

"அண்ணை, பிளாஸ்டிக்கோட நடக்க நாடகம் மாதிரிக் கிடக்கு. நீங்கள்தான் பின்னவேணும்."

"வேண்டாமடா. திரும்பவும் பிழைச்சால்?"

"பிழைச்சால் மற்றக் கை இருக்குத்தானே!"

யோசேப்புக்குச் சிரிப்பு வரவில்லை.

வயலோரத்தில் ஒவ்வொரு செடியாய் நின்று பார்த்தார். கருமுள்ளின் பட்டை கறுப்பு; அதன் முள்ளிலேயே மொட்டுகள் இருக்கும். வித்யோர்ன் சாம்பல் நிறம். முள் குட்டையாக, மொட்டில்லாமல் நிற்கும். துளிர்த்த இலை ஆழமாகப் பிளந்து சிறு கைபோல விரிந்திருந்தது. அப்போதும் நம்பிக்கை வரவில்லை. கீழே கிடந்த போன வருடத்துச் சிவப்புக் காய்களைப் பொறுக்கிக் கடித்தார். உள்ளே இரண்டு கொட்டை இருந்தால் வேறு வகை. பதினொரு காயிலும் ஒரே கொட்டை. காட்டு வித்யோர்னேதான்.

வெட்டிவந்து, ஒரு முள்ளைத் தன் நடுவிரல் மூட்டில் ஏற்றினார்.

"உங்களுக்கென்ன விசரே?" என்றாள் மனைவி மேரிசெலின்.

"மூண்டு நாள் பாப்பம். வீங்கினால் குடுக்கமாட்டன்."

வீங்கவில்லை. முள்முடியைப் பின்னி முடித்தார். சுஜிந்தனைத் தொடவிடாமல், தானே கையுறையோடு அவன் தலையில் வைத்தார்.

பெரிய வெள்ளியன்று ஒருவருக்கும் ஒன்றும் ஆகவில்லை. சிலுவைக்குப் பின்னால் யோசேப் நடந்தார். தோளுக்கு மேலாக மரத்தைப் பிடித்திருந்த சுஜிந்தனின் கையில் மற்ற விரல்கள் மடங்கியிருந்தன. ஒன்று மட்டும் நிமிர்ந்து, பதினான்கு நிலைகளும் முடியும்வரை அவரையே காட்டிக்கொண்டு போனது.